இசைக்காரர்களின் கனவு: மூன்று நாவல்களில் எதை முதலில் படிப்பது?

சங்கீதம் கற்கும் இளைஞனைச் சுற்றி தி. ஜானகிராமன் எழுதிய ‘மோகமுள்’ நாவலைப் படித்து முடித்தவர்கள் பலர் கொஞ்ச நாளில் ஒரு கேள்வியோடு வருவார்கள். இசைக்காரர்களை வைத்து எழுதிய நல்ல நாவல் ஆங்கிலத்தில் எது, எதில் தொடங்கலாம்? பட்டியல் கேட்டால் நீளமாகவே கொடுக்கலாம். ஆனால் வேலைக்கு நடுவே மாதம் ஒரு நாவல் படிப்பவருக்குப் பட்டியலால் என்ன பயன்? ஒன்றைக் கைகாட்ட வேண்டும். என் தேர்வில் கடைசிச் சுற்றுக்கு மூன்று நாவல்கள் வருகின்றன: ஆன் பேட்செட்டின் ‘பெல் கான்டோ’ (2001), விக்ரம் சேத்தின் ‘ஆன் ஈக்வல் மியூசிக்’ (1999), மேடலின் தியனின் ‘டூ நாட் சே வீ ஹேவ் நத்திங்’ (2016).

விருதுகளை வைத்து முடிவெடுக்க முடியாது. ‘பெல் கான்டோ’ 2002இல் ஆரஞ்சுப் பரிசையும் பென்/ஃபாக்னர் விருதையும் சேர்த்தே வாங்கியது. தியனின் நாவல் 2016இல் கனடாவின் கில்லர் பரிசையும் கவர்னர் ஜெனரல் விருதையும் பெற்றது, அதே ஆண்டு புக்கர் இறுதிப் பட்டியலிலும் இருந்தது. சேத்தின் நாவலை இவற்றுக்குச் சமமாக நிறுத்த எனக்கு விருது தேவைப்படவில்லை. நான்கு பேர் சேர்ந்து வாசிக்கும் ஒரு குழுவின் அன்றாடத்தை இவ்வளவு கிட்டத்தில் நின்று சொன்ன நாவலை நான் வேறு படித்ததில்லை.

மூன்றிலும் இசை இருக்கிறது என்பதற்காக மட்டும் இவற்றைச் சேர்த்துப் பார்க்கவில்லை. மூன்றிலும் ஒரே மயக்கம் இருக்கிறது. இசை ஒலிக்கிற வரைக்கும் வெளியுலகம் காத்திருக்கும், நமக்கு வேண்டிய வாழ்க்கையை இந்த அறைக்குள்ளேயே வாழ்ந்துவிடலாம் என்கிற மயக்கம். கச்சேரி முடிந்த பிறகும் எழுந்திருக்க மனமில்லாமல் உட்கார்ந்திருந்த யாருக்கும் அது தெரியும். மூன்று எழுத்தாளர்களும் அந்த மயக்கத்தை மதிக்கிறார்கள், ஒருவர்கூடக் கேலி செய்யவில்லை. ஆனால் அதற்கு யார் விலை கொடுக்கிறார்கள் என்ற இடத்தில் மூவரும் பிரிந்துவிடுகிறார்கள். எதை முதலில் படிப்பது என்பதை நான் இந்தக் கேள்வியை வைத்துத்தான் பார்க்கிறேன்.

‘பெல் கான்டோ’ தென் அமெரிக்காவில், பெயர் சொல்லப்படாத ஓர் ஏழை நாட்டில் நடக்கிறது. துணை ஜனாதிபதியின் வீட்டில் ஒரு விருந்து. ஜப்பானின் மிகப் பெரிய மின்னணு நிறுவனத்தின் தலைவர் ஹோசோகாவாவுக்குப் பிறந்தநாள். அவர் தங்கள் நாட்டில் தொழிற்சாலை கட்டுவார் என்று அரசாங்கம் ஆசைப்படுகிறது. அவருக்கோ அந்த எண்ணமே கிடையாது. உச்சக் குரலில் பாடும் சோப்ரானோ பாடகி ரோக்ஸான் காஸ் பாட வருகிறார் என்பதற்காக மட்டுமே விமானம் ஏறியவர் அவர். சிறுவயதில் டோக்கியோவில் அப்பாவோடு போய் ‘ரிகலெட்டோ’ ஆபெரா (முழுக்கப் பாட்டாகவே நடக்கும் இசை நாடகம்) பார்த்த நாளிலிருந்து அவருடைய நிஜ வாழ்க்கை இசைத்தட்டுகளில்தான் நடக்கிறது. அலுவலகம் எல்லாம் அதற்கு இடையில் வருகிற வேலை. பாட்டு முடிகிற நேரத்தில் விளக்குகள் அணைகின்றன. குளிர்சாதனக் குழாய்கள் வழியாகக் கெரில்லாக்கள் இறங்குகிறார்கள். அவர்கள் பிடிக்க வந்தது ஜனாதிபதியை. அவர் விருந்துக்கே வரவில்லை. தொலைக்காட்சித் தொடரில் அன்றைக்கு முக்கியமான கட்டம், அதை விட மனமில்லாமல் வீட்டில் இருந்துவிட்டார்!

இது பேட்செட்டின் மிக நுட்பமான தீர்மானங்களில் ஒன்று என்று நினைக்கிறேன். கற்பனைக்கு மயங்கி நிஜத்தைத் தவறவிடுகிற முதல் மனிதர் நாட்டின் ஜனாதிபதி. பிறகு அதே தொடரைக் கெரில்லாக் கூட்டத்திலிருக்கும் பியாட்ரிஸ் என்ற சின்னப் பெண் ஒரு நாள் விடாமல் பார்க்கிறாள். ஆபெராவில் உருகும் கோடீஸ்வரரும், நாடகத் தொடரில் உருகும் மலைக்கிராமத்துப் பெண்ணும் ஒரே கூரையின் கீழே இருக்கிறார்கள். இரண்டு உருக்கத்துக்கும் நடுவே பேட்செட் உயர்வு தாழ்வு வைப்பதில்லை.

அப்புறம் நாட்கள் வாரங்களாகின்றன. பெண்களை எல்லாம் விடுவித்துவிட்டு ரோக்ஸானை மட்டும் வைத்துக்கொள்கிறார்கள். அவருக்குப் பியானோ வாசித்தவர் நீரிழிவு நோயாளி. இன்சுலின் இல்லாமல் இறந்துபோகிறார். இனி பாட்டே இல்லையோ என்று இருக்கும்போது கேட்டோ என்ற ஜப்பானிய நிறுவன அதிகாரி, அதுவரை கணக்குப் பார்த்தே காலம் தள்ளியவர், பியானோ முன் உட்கார்ந்து ஷோபானின் இசையை வாசிக்கத் தொடங்குகிறார். கூட வேலை பார்த்தவர்களுக்கே அவர் வாசிப்பார் என்று தெரியாது. அந்த இடத்திலிருந்து வீடு மெல்ல மாறுகிறது. துணை ஜனாதிபதி துடைப்பம் எடுத்து வீட்டைப் பெருக்கி, துணி மடித்து, அதில் ஒரு நிம்மதியைக் காண்கிறார். பிரெஞ்சுத் தூதர் சமைக்கிறார், காய் நறுக்கக் கத்தி வேண்டும் என்றால் துப்பாக்கி வைத்திருப்பவர்கள் வந்து நறுக்கித் தருகிறார்கள். கெரில்லாத் தளபதி பெஞ்சமினும் ஹோசோகாவாவும் சதுரங்கம் ஆடுகிறார்கள். மொழிபெயர்ப்பாளர் கென், இரவில் பாத்திர அறையில் உட்கார்ந்து கார்மென் என்ற கெரில்லாப் பெண்ணுக்கு எழுத்துக் கற்றுக்கொடுக்கிறான்.

செஸார் என்ற பையனின் கதையை மட்டும் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். அவன் கையில் துப்பாக்கியோடு காவல் நிற்பவன். ரோக்ஸான் தினமும் சாதகம் செய்வதைக் கேட்டுக் கேட்டு அவனுக்குப் பாட்டு பிடிபட்டுவிடுகிறது. ஒரு நாள் அவர் பாடாமல் இருக்கும் நேரத்தில், அர்த்தம் தெரியாத மொழியில், அவர் பாடுகிற மாதிரியே பாடிவிடுகிறான். எல்லோரும் திகைத்து நிற்க, தன்னைக் கேலி செய்வார்கள் என்று பயந்து ஓடித் தோட்டத்து மரத்தில் ஏறி உட்கார்ந்துகொள்கிறான். ரோக்ஸான் மரத்தடிக்குப் போய் அவனை இறங்க வைத்து, அன்று முதல் மாணவனாக ஏற்கிறார். இவன் பெரிய பாடகனாக வருவான் என்று அவர் நம்புகிறார். படிக்கிற நாமும் நம்புகிறோம். எந்த அரங்கில் இவன் முதலில் பாடுவான் என்றுகூட மனம் போய்விடுகிறது.

இங்கேதான் பேட்செட்டின் கெட்டிக்காரத்தனம். பிழைக்கப்போகாதவர்கள் பிணைக்கைதிகள் அல்ல, கெரில்லாக்கள்தான் என்று நாவலின் தொடக்கப் பக்கங்களிலேயே அவர் வெளிப்படையாகச் சொல்லிவிடுகிறார். எதையும் ஒளிக்கவில்லை. இருந்தும் இருநூறு பக்கம் கழித்து நாம் அதை மறந்துபோயிருக்கிறோம். பாத்திரங்கள் மயங்கியதைப் படித்துக்கொண்டிருந்த நாமே அதே மயக்கத்துக்குள் விழுந்துவிட்டோம் என்பது கடைசி அத்தியாயத்தில்தான் உறைக்கிறது. கற்பனையின் கவர்ச்சியைப் பற்றிப் பேசுகிற நாவல்கள் நிறைய உண்டு. அதை வாசகர் மேலேயே செய்து காட்டுகிற நாவல் அபூர்வம்.

இதற்குப் பின்னால் ஒரு நிஜச் சம்பவம் இருக்கிறது. 1996 டிசம்பர் 17 அன்று பெருவின் தலைநகர் லிமாவில், ஜப்பானியத் தூதரின் இல்லத்தில் பேரரசர் அகிஹிட்டோவின் பிறந்தநாள் விருந்து நடந்துகொண்டிருந்தபோது டூபாக் அமாரு புரட்சி இயக்கத்தினர் 14 பேர் உள்ளே புகுந்து நூற்றுக்கணக்கானவர்களைப் பிடித்துவைத்தார்கள். பெரும்பாலானவர்களைப் படிப்படியாக விடுவித்தார்கள். கடைசியில் 72 பேர் இருந்தார்கள். 126 நாட்கள் ஓடின. 1997 ஏப்ரல் 22 அன்று, வீட்டுக்கு அடியில் தோண்டிய சுரங்கங்கள் வழியாக ராணுவம் உள்ளே வந்தது. கெரில்லாக்களில் சிலர் அந்த நேரத்தில் கூடத்தில் கால்பந்து ஆடிக்கொண்டிருந்தார்கள். ஒரு பிணைக்கைதி, இரண்டு ராணுவ வீரர்கள், 14 கெரில்லாக்கள் அனைவரும் இறந்தார்கள். அந்தக் கெரில்லாக்களில் ஒருவர் பிடிபட்ட பிறகு சட்டத்துக்குப் புறம்பாகக் கொல்லப்பட்டார் என்று அமெரிக்க நாடுகளுக்கிடையிலான மனித உரிமை நீதிமன்றம் 2015இல் தீர்ப்பளித்தது.

அந்தக் கால்பந்து நாவலிலும் வருகிறது. பாடகி மட்டும் பேட்செட் சேர்த்தது, லிமாவில் அப்படி யாரும் இல்லை. அவர் சேர்த்த அந்த ஒரு ஆளால் கதையே வேறு திசைக்குப் போகிறது. நாவல் பிறகு உண்மையிலேயே ஆபெராவானது என்பதும் சொல்ல வேண்டியது: 2015இல் சிகாகோவின் லிரிக் ஆபெரா அதை அரங்கேற்றியது, இசையமைத்தவர் லிமாவில் பிறந்த ஜிம்மி லோபஸ். 2018இல் ஜூலியான் மூர் நடித்த திரைப்படமும் வந்தது. அதில் ரோக்ஸானுக்குப் பாடியவர் ரெனே ஃபிளெமிங். படத்தை முதலில் பார்க்க வேண்டாம் என்பதுதான் என் கருத்து. நாவலில் நாட்கள் ஒன்றோடொன்று கரைகிற அந்த நீளம் இரண்டு மணி நேரத்தில் வராது.

குறை இல்லையா? உண்டு. நாட்டுக்குப் பெயர் வைக்காததால் கெரில்லாக்கள் எதற்காகத் துப்பாக்கி எடுத்தார்கள் என்பது மங்கலாகவே நின்றுவிடுகிறது. சிறையில் இருக்கிற தோழர்களை விடுவிக்கக் கேட்கிறார்கள், ஏழ்மையைப் பற்றிப் பேசுகிறார்கள், அதோடு சரி. பெருவின் அரசியலைத் தெரிந்துகொள்ள விரும்புபவருக்கு இது பெரிய ஏமாற்றம். இன்னொன்று: ரோக்ஸானின் பாட்டைக் கேட்பவர்களுக்கு என்ன ஆகிறது என்பது அற்புதமாக வருகிறது, அந்தப் பாட்டை உருவாக்க அவர் உடம்பு என்ன பாடுபடுகிறது என்பது அந்த அளவுக்கு வருவதில்லை. பேட்செட் ஆபெரா கேட்டு வளர்ந்தவர் அல்ல, இந்த நாவலுக்காகவே அதைக் கற்றுக்கொண்டதாக அவரே சொல்லியிருக்கிறார். ஒரு ரசிகரின் காதிலிருந்து எழுதப்பட்ட நாவல் இது. கடைசியில் வரும் சில பக்கப் பின்கதையும் பலருக்குப் பிடிப்பதில்லை. எனக்குப் பிடிக்கும். இழப்புக்குப் பிறகு மனிதர்கள் எதைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள் என்பதை அது நேர்மையாகவே சொல்கிறது.

ஆனால் விலை? அந்த வீட்டின் கனவை எல்லோரும் சேர்ந்துதான் கண்டார்கள். விலை கொடுத்தவர்களில் பெரும்பாலானவர்கள் பதினைந்து, பதினாறு வயதுப் பிள்ளைகள். நாவல் இதை உரக்கச் சொல்வதில்லை. சொல்லாததாலேயே புத்தகத்தை மூடிய பிறகும் அது கூடவே வருகிறது.

சேத்தின் நாவலுக்கு வருவோம். இங்கே கனவு ஒரே ஒருவனுடையது. மைக்கேல் ஹோம், லண்டனில் மஜ்ஜோரே என்ற நால்வர் தந்தி வாத்தியக் குழுவில் இரண்டாவது வயலின். வட இங்கிலாந்தின் ராச்டேல் என்ற ஊரில் கறிக்கடைக்காரரின் மகன். வியன்னாவில் படித்த காலத்தில் ஜூலியா என்ற பியானோ கலைஞரைக் காதலித்து, ஆசிரியரின் கெடுபிடி தாங்காமல் ஊரைவிட்டு ஓடியபோது அவளையும் இழந்தவன். பல வருடம் கழித்து, ஆக்ஸ்ஃபோர்டு தெருவில் பேருந்தில் அவளைப் பார்க்கிறான். அவளுக்குக் கணவன், மகன். அவளுக்குக் காது கேட்காமல் போய்க்கொண்டிருக்கிறது. இதை முன்கூட்டியே சொல்வதால் நாவலுக்கு நஷ்டமில்லை. அது தெரிந்த பிறகு, அவள் மற்றவர்களோடு எப்படிச் சேர்ந்து வாசிக்கப்போகிறாள் என்பதுதான் கதையின் பதற்றமே. மற்றவர்களின் வில் அசைவையும் மூச்சையும் பார்த்துத் தாளத்தைப் பிடிக்கிறாள். வியன்னாவின் மூசிக்ஃபெரைன் அரங்கில் ஷூபர்ட்டின் ‘ட்ரவுட்’ ஐவர் இசையை வாசிக்கும் பகுதி என் நெஞ்சைப் பிசைந்தது.

இந்த நாவலின் பலம் பயிற்சி அறையில் இருக்கிறது. குழுவினருக்கு ஒரு வழக்கம்: எந்தச் சண்டை போட்டுவிட்டு வந்தாலும், பயிற்சி தொடங்கும் முன் நான்கு பேரும் சேர்ந்து ஒரு சாதாரண ஸ்வர வரிசையை மெதுவாக ஏற்றி இறக்கி வாசிக்க வேண்டும். அதிர்வு வைக்கக் கூடாது, அழகு சேர்க்கக் கூடாது. நான்கு ஒலியும் ஒன்றாகிற வரைக்கும் அதுதான். கூட்டாக இசைக்கிற யாருக்கும் இந்த இடம் உடனே புரியும். பாஹின் ‘ஆர்ட் ஆஃப் ஃபியூக்’கைப் பதிவு செய்ய முடிவெடுத்ததும், வயோலாவின் (வயலினைவிடச் சற்றுப் பெரிய வாத்தியம்) எல்லைக்குக் கீழே போகிற ஸ்வரங்களை என்ன செய்வது என்று, குழுவில் அதை வாசிக்கும் ஹெலன் மாற்று வாத்தியம் தேடி அலைவதெல்லாம் ஒரு துப்பறியும் கதையின் ஆர்வத்தோடு வருகிறது. பேட்செட் கேட்பவரின் பக்கம் நிற்கிறார் என்றால் சேத் வாசிப்பவரின் விரல் பக்கம் நிற்கிறார். சேத் இந்துஸ்தானி இசையில் கயால் பாணியை முறைப்படி கற்றவர் என்பது இதைப் படிக்கும்போது ஞாபகத்துக்கு வரும். சாதகம் என்றால் என்ன என்று உடம்பால் அறிந்தவரின் எழுத்து.

எனக்கு இதில் உள்ள சங்கடம் மைக்கேல்தான். கதை முழுக்க அவன் குரலில், நிகழ்காலத்தில் போகிறது. பழைய காதலை அப்படியே மீட்டுவிடலாம் என்று அவன் காண்கிற கனவு, தன் வாழ்க்கையைக் கஷ்டப்பட்டுக் கட்டிக்காத்துவரும் ஒரு பெண்ணின் மேல் பாரமாக இறங்குகிறது. அவனுக்கு அது தெரியவே இல்லை, அல்லது தெரிந்தும் நிறுத்த முடியவில்லை. சேத்துக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது. ஜூலியா பேசுகிற இடங்களில் அது வெளிப்படுகிறது. ஆனாலும் நானூறுக்குச் சற்றுக் குறைந்த பக்கங்களுக்கு அவன் புலம்பலோடேயே இருக்க வேண்டும். பொறுமை உள்ளவர்களுக்குத்தான்.

தியனின் நாவல் மூன்றிலும் பெரியது; பக்கத்திலும் சரி, தாங்கியிருக்கிற கனத்திலும் சரி. வான்கூவரில் வளரும் மரீ என்ற சிறுமியின் அப்பா 1989இல் ஹாங்காங்கில் தற்கொலை செய்துகொள்கிறார். அவர் ஒரு காலத்தில் ஷாங்காய் இசைக் கல்லூரியின் பியானோ மாணவர், பெயர் கை. அதே ஆண்டு பெய்ஜிங்கின் தியனான்மென் சதுக்கத்தில் மாணவர் போராட்டத்தை ராணுவம் ஒடுக்கிய பிறகு சீனாவிலிருந்து தப்பி வரும் ஐ-மிங் என்ற இளம்பெண், தன் அப்பா ஸ்பாரோவுக்கும் மரீயின் அப்பாவுக்கும் இருந்த உறவைச் சொல்லத் தொடங்குகிறாள். ஸ்பாரோ இசையமைப்பாளர், கையின் ஆசிரியர். மூன்றாவதாக ஸ்பாரோவின் உறவுக்காரப் பெண் ஜூலி, வயலின் கலைஞர். இந்த மூவரும் பாஹ், புரோகோஃபியேவ் என்று மூழ்கிக் கிடக்கும் நேரத்தில் 1966 வருகிறது, மாவோவின் கலாச்சாரப் புரட்சி தொடங்குகிறது. மேற்கத்திய இசை வாசித்ததே குற்றமாகிறது. கல்லூரியின் நிஜத் தலைவர் ஹே லூடிங் நாவலில் பாத்திரமாக வருகிறார். 1968இல் அவரைத் தொலைக்காட்சியில் நிறுத்தி அவமானப்படுத்தியபோது, தன் கைகளை முறுக்கிப் பிடித்திருந்தவர்களிடம் ‘பொய் சொல்ல வெட்கமாக இல்லையா’ என்று கத்திய மனிதர் அவர்.

இங்கே கனவு எது? கையெழுத்துப் பிரதியாகவே இருக்கும் ஒரு கதைப்புத்தகம். ‘பதிவுகளின் புத்தகம்’ என்று அதைச் சொல்கிறார்கள். யார் எழுதியது என்று தெரியாது, முடிவு கிடையாது. கனவுக்கார வென் என்று அழைக்கப்படும் இளைஞன் ஸ்விர்ல் என்ற பாடகியைக் கவர, அந்தக் கதையின் அத்தியாயங்களை ஒவ்வொன்றாக நகலெடுத்து அனுப்புகிறான். பாதியில் நிற்கிற கதைக்காக அவள் ஏங்கத் தொடங்குகிறாள். காதல் இப்படித் தொடங்குகிறது. பிறகு வென் உழைப்பு முகாமுக்கு அனுப்பப்பட்டு, தப்பி, நாடெங்கும் தலைமறைவாகிறான். அப்போது அவன் செய்வதைப் படித்தபோது சிலிர்த்தது: புதிய நகல்களில் பாத்திரங்களின் பெயர் எழுத்துகளை மாற்றி எழுதி, தான் எங்கே இருக்கிறேன் என்ற சேதியை அதற்குள் வைத்து நாடு முழுக்க உலவவிடுகிறான். பேட்செட்டின் வீட்டில் கற்பனை என்பது நிஜத்தை மறக்க உதவியது. இங்கே அது காணாமல் போனவர்களைத் தேடுகிற வழியாகிறது. மறக்கச் சொல்கிற அரசாங்கத்துக்கு எதிரில், கதையை நகலெடுப்பதே ஞாபகம் வைத்துக்கொள்கிற செயலாகிவிடுகிறது.

இசையின் பக்கம் மயக்கம் இவ்வளவு கருணையோடு நடந்துகொள்வதில்லை. ஸ்பாரோ இசையை விட்டுவிட்டு வருடக்கணக்கில் தொழிற்சாலையில் வேலை பார்க்கிறார், வானொலிப் பெட்டிகள் செய்கிறார். எழுதாமல் விட்ட இசை அவருக்குள் என்ன செய்துகொண்டிருந்தது என்று தியன் காட்டுகிற விதம், இந்த மூன்று நாவல்களிலும் மிக ஆழமான எழுத்து. மூன்றில் எது பெரிய நாவல் என்று கேட்டால் தயங்காமல் இதைத்தான் சொல்வேன்.

ஆனால் கேள்வி அதுவல்ல, முதலில் எது என்பது. அதற்கு என் பதில் ‘பெல் கான்டோ’. முதல் காரணம் சாதாரணமானது: 320 பக்கம் அளவுதான், ஒரே வீடு, நேராகப் போகிற காலம், சிக்கலில்லாத ஆங்கிலம். ஆங்கில நாவல் படித்துப் பழக்கமில்லாதவரும் பத்துப் பக்கத்துக்குள் கதைக்குள் போய்விடலாம். தியனின் நாவல் 450 பக்கத்தைத் தாண்டும், மூன்று தலைமுறை, முன்னும் பின்னும் ஓடும் காலம். ஐம்பது பக்கத்தில் பெயர்கள் குழம்பி, நல்ல நாவலைக் கீழே வைத்துவிடும் அபாயம் உண்டு. இரண்டாவது காரணம்தான் எனக்கு முக்கியம். இசை நம்மை எப்படி ஆட்கொள்கிறது, ஆட்கொள்ளும்போது எதைப் பார்க்கவிடாமல் செய்கிறது என்பதை ‘பெல் கான்டோ’ நம் மேலேயே நிகழ்த்தியிருக்கும். செஸார் பாடுவதை நம்பி ஏமாந்த மனதோடு தியனிடம் போனால், ஷாங்காயின் அந்த மூன்று இசைக்காரர்களைப் பார்க்கும்போதே வயிற்றைக் கலக்கும். நடக்கப்போவதை வரலாறு ஏற்கெனவே சொல்லிவிட்டது, இருந்தும் அவர்களோடு சேர்ந்து நாமும் நம்புவோம். அந்த இரண்டாவது வாசிப்புக்கு முதல் வாசிப்பு நம்மைத் தயார் செய்கிறது.

வாத்தியம் வாசிப்பவர்கள், கற்றுக்கொண்டிருப்பவர்கள், முன்பு கற்றுப் பாதியில் விட்டவர்கள் விஷயத்தில் மட்டும் வரிசையை மாற்றுவேன். அவர்கள் சேத்தில் தொடங்கட்டும். பேட்செட்டின் நாவலில் அவர்களுக்குப் பயிற்சியின் வியர்வை போதாது, அந்தக் குறை மற்றதை மறைத்துவிடக்கூடும். இலங்கையிலோ வேறெங்கோ போரையும் காணாமல் போனவர்களையும் குடும்பத்துக்குள்ளேயே அறிந்தவர்களுக்கு, பக்க எண்ணிக்கையைப் பார்க்காமல் நேராகத் தியன். பெயர்களை மாற்றிச் சேதி அனுப்பும் வென்னை அவர்களுக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. நண்பர்கள் ஐந்தாறு பேர் சேர்ந்து படித்துப் பேசுவது என்றால் திரும்பவும் ‘பெல் கான்டோ’தான். அந்தப் பின்கதை ஒன்றே ஒரு மாலைப் பொழுது முழுக்கச் சண்டை போடப் போதும்.

படிக்கும்போது இசையையும் கேட்டுவிடுவது நல்லது. யூடியூபில் எல்லாம் கிடைக்கிறது. பேட்செட்டுக்கு, துவோர்ஷாக்கின் ‘ருசால்கா’ ஆபெராவில் நிலவைப் பார்த்துப் பாடும் பாட்டு போதும். ரெனே ஃபிளெமிங் பாடியதையே கேளுங்கள். சேத்துக்கு, பேத்தோவன் தன் முதல் தொகுப்பின் மூன்றாவது பியானோ மூவர் இசையைப் பின்னாளில் ஐந்து தந்தி வாத்தியங்களுக்கு மாற்றி அமைத்தது. மைக்கேல் அலைந்து தேடுகிற இசைத்தட்டு அதுதான். தியனுக்கு, பாஹின் ‘கோல்ட்பர்க் வேரியேஷன்ஸ்’. கிளென் கூல்ட் அதை 1955இல் ஒருமுறையும் 1981இல் இன்னொரு முறையும் பதிவு செய்தார். நாவலின் முதல் பாதிக்கு இளமையின் வேகத்தோடு போகிற 1955 பதிவை வைத்துக்கொண்டு, பக்கத்தில் ஒரு தாளில் யார் யாருக்கு என்ன உறவு என்று எழுதிக்கொண்டே போனால் குழப்பம் வராது. ஸ்பாரோ தொழிற்சாலைக்குப் போன பிறகு 1981 பதிவுக்கு மாறிக்கொள்ளலாம்.